திரைக்கு அந்தப் பக்கம் சுழன்ற தட்டு

பழைய ஒலிப்பதிவுகளைக் கெட்டுப்போகாமல் காப்பாற்றி வைப்பதுதான் என் வேலை என்று சொன்னால், எழுபதுகளில் வேலூர்ப் பக்கத்தில் ஒருவருக்கும் புரியாது. பெண் பார்க்கப் போன இடத்தில் என் வருங்கால மாமனார், "ஏற்கெனவே ரெக்கார்டு பண்ணி வச்சத நீங்க இன்னாத்துக்கு மறுபடியும் ரெக்கார்டு பண்றீங்க?" என்று கேட்டார். இசைத்தட்டு தேய்ந்துபோகும், அதற்கு முன்னால் டேப்பில் மாற்றி வைக்க வேண்டும் என்று விளக்கினேன். "அந்த டேப்பு கெட்டுப்போவாதா?" என்றார். அதுவும் ஒருநாள் உதிரும், அப்போது வேறொரு டேப்பில் மாற்ற வேண்டும் என்றேன். இதற்குப் பிறகும் அவர் மகளை எனக்குக் கொடுத்தது எப்படி என்பது எனக்கு இன்றுவரை விளங்கவில்லை.

மெட்ராஸில் இருந்த ஒரு காப்பகத்துக்காக வேலை பார்த்தேன். வட ஆற்காடு முழுக்க என் தலையில். யார் வீட்டில் பழைய தட்டுகள் இருக்கின்றன என்று விசாரித்துப் போய், இரவல் கேட்டு, டேப்பில் ஏற்றி, திருப்பிக் கொடுக்க வேண்டும். கொடுக்க மாட்டேன் என்கிறவர்கள் வீட்டுக்கு மெஷினையே தூக்கிக்கொண்டு போக வேண்டும். தட்டு சுழற்றும் மெஷின் ஒன்று, ஆம்ப்ளிஃபயர் பெட்டி ஒன்று, ஸ்பூல் டேப் ரெக்கார்டர் ஒன்று. டேப் ரெக்கார்டர் மட்டும் ஒரு நல்ல அரிசி மூட்டை கனம் இருக்கும். அதை பஸ்ஸில் ஏற்றும்போது கண்டக்டர்கள் என்னிடம் பேசியதையெல்லாம் பதிவு செய்திருந்தால் அதற்கே தனிக் காப்பகம் வேண்டியிருக்கும்.

ஊசி தேய்ந்துவிட்டது, புதிது வேண்டும் என்று ஆபீசுக்கு எழுதினால், தேய்ந்த ஊசியை முதலில் அனுப்பி வைக்கவும் என்று பதில் வரும். அதை அனுப்பிவிட்டால் நான் எதை வைத்து வேலை செய்வது என்று கேட்டால் அதற்குப் பதில் வராது. பல்லைக் கடித்துக்கொண்டுதான் காலம் தள்ளினேன்.

ஆனால் ஆபீசையாவது சகித்துக்கொள்ளலாம். என் உயிரை வாங்கியவர்கள் தட்டுகளைப் பாதுகாத்து வைத்தவர்கள்தான். பரணில் போட்டு மறந்துவிட்டவர்களின் தட்டுகள் தூசியோடு பத்திரமாகக் கிடைக்கும். கண்ணும் கருத்துமாகப் பார்த்துக்கொண்டவர்கள் வீட்டில்தான் பாழாகிக் கிடக்கும். ஒவ்வொருவரும் தத்தம் தொழிலில் எது நல்லதோ அதைத் தட்டுக்கும் செய்துவிடுவார்கள். குடியாத்தத்தில் ஒரு தறிக்காரர், லுங்கிக்குப் போடுகிற கஞ்சித் தண்ணீரில் தட்டுகளைத் துடைத்துக் காயவைத்திருந்தார். "வெறப்பா நிக்கும் சார், வளைஞ்சி போவாது" என்றார். வாணியம்பாடியில் ஒரு தோல் வியாபாரி, தட்டுக்குத் தட்டு அளவெடுத்து முதல்தரத் தோலில் உறை தைத்துப் போட்டிருந்தார். அவ்வளவு அழகான உறைகளை நான் வேறெங்கும் பார்த்ததில்லை. ஒரே ஒரு மழைக்காலத்தில் தோலில் ஏற்றியிருந்த எண்ணெய் முழுவதும் தட்டில் இறங்கி, பாட்டெல்லாம் பிசுக்குப் பிடித்துப்போயிருந்தது. "தோலுக்குள்ள வச்சா எதுவும் கெடாது சார்" என்று அவர் என்னையே தேற்றினார். தோலைத் தவிர வேறு எதையும் தோல் காப்பாற்றாது என்று அந்த ஊரில் யாரிடம் போய்ச் சொல்வது?

ஆம்பூர் பாயை நான் சந்தித்தது எழுபதுகளின் கடைசியில். பாலாற்றங்கரையோரம் தோல் ஷாப்பு, அதாவது தோல் பதனிடுகிற தொழிற்சாலை, வைத்திருந்தவர். அவருடைய தகப்பனார் சேர்த்த தட்டுகள் நூற்றுக்கணக்கில் இருந்தன. நாடகப் பாட்டு, கவ்வாலி, நாதஸ்வரம், சிரிப்புத் தட்டு என்று எல்லாம் கலந்து கிடந்தன. அவை இன்று காப்பகத்தில் நல்லபடியாக இருக்கின்றன. அதற்காக நான் பட்ட பாட்டில் ஒரே ஒரு வெள்ளிக்கிழமையை மட்டும் இங்கே சொல்கிறேன்.

பாய் நல்ல மனுஷர், அதிர்ந்து பேச மாட்டார். எதைக் கையில் எடுத்தாலும் கட்டைவிரலுக்கும் ஆள்காட்டி விரலுக்கும் நடுவில் வைத்துத் தேய்த்துப் பார்ப்பார். தோல் பார்த்துப் பார்த்து வந்த பழக்கம். என்னுடைய புது டேப்பையும் அப்படித்தான் ஒரு முழ நீளத்துக்குத் தேய்த்துப் பார்த்து, "ரொம்ப மெல்லிசா இருக்குதே" என்று குறைபட்டுக்கொண்டார். அந்த ஒரு முழத்தை நான் வெட்டி எறிய வேண்டியதாயிற்று.

தட்டுகளைத் தருவதற்கு நிபந்தனை போட்டது அவரல்ல, அவருடைய ஒரே மகள். உள்ளூரிலேயே கட்டிக்கொடுத்திருந்தார்கள். பெண்கள் பள்ளியில் கணக்கு டீச்சர். நான் அவரைப் பார்த்ததில்லை. திரைக்கு உள்ளேயிருந்துதான் பேசுவார், ஆனால் வகுப்பில் பேசுகிற மாதிரி கணீரென்று பேசுவார்.

"எங்க அம்மா பேசின தட்டு ஒண்ணு இருக்குது சார். மொதல்ல அத எனக்கு டேப்புல எடுத்துக் குடுங்க. அப்புறம் மத்ததெல்லாம் எடுத்துக்குங்க."

விஷயம் இதுதான். இந்த மகள் கைக்குழந்தையாக இருந்தபோது அம்மாவுக்கு நெஞ்சுநோய். மெட்ராஸில் ஒரு ஆஸ்பத்திரியில் சேர்த்திருந்தார்கள். மெட்ராஸிலேயே உறவுக்காரர் ஒருவர், பேசினால் அங்கேயே தட்டில் வெட்டிக் கொடுக்கிற கடை வைத்திருந்தார். ஒருநாள் அந்த அம்மா அந்தக் கடைக்குப் போய் மூன்று நிமிடம் பேசி, ஆம்பூருக்கு ஆள் மூலம் அனுப்பினார். அதற்குப் பிறகு வீட்டுக்குத் திரும்பவில்லை, ஆஸ்பத்திரியிலேயே போய்விட்டார். மகளுக்கு அம்மாவின் குரல் எப்படி இருக்கும் என்றே தெரியாது.

"எத்தினியோ வருஷமா கேக்கறேன் சார். மெஷினு ரிப்பேரு, ஊசி கெடைக்கல, தட்டு கெட்டுப்பூடும்னு அப்பா எதுனா சொல்லிக்கினே இருந்தாரு. இப்ப நீங்களே மெஷினோட வந்துட்டீங்க."

பாய் தலையைக் குனிந்தபடி உட்கார்ந்திருந்தார். பிறகு அவருடைய பங்குக்கு ஒரு நிபந்தனை போட்டார். "எங்க வூட்டுப் பொம்பளைங்க கொரல வெளி ஆம்பள கேக்கறது எங்க வழக்கத்துல இல்ல சார். நீங்க டேப்புல எடுங்க. ஆனா நீங்க கேக்கக் கூடாது."

மகள் திரைக்கு உள்ளேயிருந்து என்னிடம் பேசிக்கொண்டிருக்கும்போதே இப்படிச் சொன்னார். அதே ஊரில் பெரியம்மாக்கள் என் மைக்கின் முன்னால் உட்கார்ந்து கல்யாணப் பாட்டு பாடியிருக்கிறார்கள். வீட்டு ஆண்கள் பக்கத்தில் நின்று தாளம் போட்டிருக்கிறார்கள். அதைச் சொல்லிப் பார்த்தேன். "அது அவுங்க வூடு" என்றார். சரி, அவர் மனைவி, அவர் வீடு. ஆனால் கேட்காமல் ஒலிப்பதிவு செய்வது எப்படி? ருசி பார்க்காமல் சமைக்கிறவர்கள் உண்டு. கண்ணையும் கட்டிக்கொண்டு சமைக்கச் சொன்னால்?

ஆபீசில் ஒரு பெண் ஊழியர் இருந்தார், அவரை அனுப்புங்கள் என்று கேட்டேன். பெண் ஊழியர்களை வெளியூர் அனுப்ப விதியில்லை என்றார்கள். கடைசியில், நான் ஹெட்போன் மாட்டாமல், டேப் ரெக்கார்டரின் ஒலி மீட்டரில் முள் ஆடுவதை மட்டும் பார்த்துப் பதிவு செய்கிறேன் என்று ஒப்புக்கொண்டேன். அதோடு வாயை மூடிக்கொண்டிருக்கலாம். தொழில் நேர்மை வந்து கழுத்தை அறுத்தது. ஸ்பீக்கரே இல்லாவிட்டாலும் தட்டில் ஓடுகிற ஊசியிலிருந்தே லேசாகக் குரல் கேட்கும், பக்கத்தில் இருந்தால் காதில் விழத்தான் செய்யும் என்று சொல்லித் தொலைத்தேன்.

பாய் அரைநிமிடம்கூட யோசிக்கவில்லை. "அப்பிடின்னா தட்டு உள்ளயே ஓடட்டும்" என்றார்.

ஆக, ஏற்பாடு இப்படி ஆயிற்று. தட்டு மெஷினும் ஆம்ப்ளிஃபயரும் ஹெட்போனும் திரைக்கு அந்தப் பக்கம், மகளிடம். டேப் ரெக்கார்டர் இந்தப் பக்கம், என்னிடம். திரைக்கு அடியில் ஒயர். டேப் ரெக்கார்டரையும் உள்ளே அனுப்பியிருக்கலாமே என்று யாராவது கேட்கலாம். அதன் இடது ஸ்பூலை ஓடும்போது விரலால் லேசாகப் பிடித்துக்கொண்டே இருக்க வேண்டும். எவ்வளவு பிடிக்க வேண்டும் என்பது என் விரலுக்கு மட்டும்தான் தெரியும். புது பெல்ட் கேட்டு எழுதிய கதையைச் சொன்னால் பொழுது விடிந்துவிடும்.

வெள்ளிக்கிழமையைத் தேர்ந்தெடுத்தது நான். மற்ற நாட்களில் தோல் ஷாப்புகளில் தோல் ஊறவைக்கிற பெரிய பெரிய டிரம்கள் மோட்டாரில் உருளும். வோல்டேஜ் இறங்கும், தட்டு மெதுவாகச் சுற்றும், பெண் குரல் ஆண் குரலாகிவிடும். வெள்ளிக்கிழமை எல்லாம் நின்றிருக்கும். தொழுகை முடிந்து பாய் வந்ததும் ஆரம்பிப்பது என்று முடிவாயிற்று.

அந்தத் தட்டை எனக்குக் காட்டவில்லை. நேரே அலமாரியிலிருந்து மகள் கைக்குப் போயிற்று. நான் திரைக்கு வெளியே நின்று டாக்டர் மாதிரி விசாரித்தேன். அலுமினியத் தகட்டின்மேல் கறுப்புப் பூச்சு, ஓரத்தில் அங்கங்கே செதில் விட்டிருக்கிறது, மேலே வெள்ளையாக ஏதோ பூத்திருக்கிறது என்றார் மகள்.

"அது ஒண்ணுமில்ல" என்றார் பாய். "தோல்லகூட எண்ணெ வெளிய வந்தா இப்பிடித்தான் வெள்ளையா பூக்கும். ஃபினிஷிங் செக்ஷன்ல ஒரு மருந்து இருக்குது, ஒரு வாட்டி தேச்சா..."

"பாய், தயவுசெஞ்சி அந்த மருந்த உள்ள அனுப்பாதீங்க!" என்று கத்தியே விட்டேன். அந்த மருந்தில் இருக்கிற ஸ்பிரிட் பட்டால் தட்டில் பூச்சே இருக்காது. ஈரத்துணியால் மட்டும் ஒற்றி எடுக்கச் சொன்னேன்.

"கீறல் எதுனா இருக்குதாம்மா?"

"இருக்குது சார்."

"எங்க?"

"எல்லா எடத்துலயும் இருக்குது. வட்ட வட்டமா."

அது கீறல் இல்லை, அதில்தான் உங்கள் அம்மாவின் பேச்சு இருக்கிறது என்றேன். "அப்பிடின்னா கீறல் இல்ல சார்" என்று தீர்ப்புச் சொல்லிவிட்டார் கணக்கு டீச்சர். நான் தலையில் அடித்துக்கொண்டேன்.

இருவருக்கும் மறுபடியும் சொன்னேன். பூச்சு செதில் விட ஆரம்பித்த தட்டு ஒரு முறைதான் ஓடும். ஊசி ஏறினால் ஏறியதுதான். இன்னொரு முறை எடுக்கலாம் என்பதெல்லாம் கிடையாது. ஊசி எங்காவது மாட்டிக்கொண்டால், ஊசியைத் தாங்கும் மெஷின் கையை ஒரு நூலளவு உள்பக்கம் தள்ள வேண்டும். ஹெட்போன் போட்டிருந்தால் நான் கூப்பிடுவது கேட்காது, அதனால் நிலைக்கதவில் பலமாகத் தட்டுவேன், அதிர்வு தெரிந்ததும் தள்ள வேண்டும். வேறு தட்டு ஒன்றை வைத்து ஒத்திகை பார்த்தோம். அவர் சொன்னதைச் சொன்னபடி செய்தார். என் உதவியாளர்கள் யாரும் அவ்வளவு சுத்தமாகச் செய்ததில்லை.

"வைக்கறேன் சார்" என்றார்.

முள் எழுந்தது. எனக்கு அந்த முள்ளைத் தவிர வேறெதுவும் இல்லை. பேச்சுக்கும் பாட்டுக்கும் முள் ஆடுவதில் வித்தியாசம் உண்டு. முதலில் தயங்கித் தயங்கி எழுந்தது. மைக்கைப் பார்த்துப் பயப்படுகிறவர்கள் அப்படித்தான் பேசுவார்கள். பிறகு பயம் தெளிந்து சீராக ஆடியது. நடுவில் பொட்டென்று விழுந்து கொஞ்ச நேரம் கிடந்தது. இருமியிருப்பாரோ, மூச்சு வாங்கியிருப்பாரோ. மறுபடி எழுந்தபோது முள் சிவப்புப் பக்கம் பாய்ந்தது. யாரையோ திட்டுகிறார் என்று தெரிந்தது. பாய் என் எதிரே நாற்காலியில் உட்கார்ந்து, அந்த முள்ளையே பார்த்துக்கொண்டிருந்தார்.

திடீரென்று முள் ஒரே ஆட்டத்தைத் திரும்ப ஆட ஆரம்பித்தது. ஒரு குத்து, ஒரு சின்னக் குத்து, விழுந்தது. மறுபடி அதே குத்து, அதே சின்னக் குத்து. ஊசி மாட்டிக்கொண்டுவிட்டது. அந்த வேகத்தில் சுற்றுகிற தட்டில் ஒரு சுற்றுக்கு ஒரு நொடிகூட ஆகாது, இரண்டு சொல்தான் கொள்ளும். அந்த இரண்டு சொல்லின்மேல் ஊசி உழுதுகொண்டே இருக்கிறது.

நிலைக்கதவில் தட்டினேன். பலமாகத் தட்டினேன். உள்ளே அசைவில்லை.

"ஏம்மா, தள்ளுங்க! கைய உள்ள தள்ளுங்க!"

முள் அதே ஆட்டம் ஆடியது. எனக்கு உடம்பெல்லாம் பற்றி எரிந்தது. ஒத்திகையில் அவ்வளவு நன்றாகச் செய்தவருக்கு இப்போது என்ன வந்தது? ஒரு எட்டில் போய்த் திரையை விலக்கி ஒரு விரலால் தள்ளிவிடலாம். போக முடியாது.

"பாய், உள்ள போய்ச் சொல்லுங்க! தட்டு மாட்டிக்கிச்சு!"

அவர் எழுந்திருக்கவில்லை. "தானா போய்டும் சார்" என்றார்.

"தானா போவாது பாய்! பூச்சு கிழிஞ்சிரும்! எத்தனை தடவை சொல்றது உங்களுக்கு!"

அதைக் கேட்டதும் அவர் முகம் ஒரு மாதிரி ஆயிற்று. நான் சத்தம் போட்டதற்காக என்று நினைத்தேன். எழுந்து திரைக்குள் போனார். மகள் உருதுவில் ஏதோ சொல்வது கேட்டது. அந்த நேரத்தில் அவர் ஹெட்போனைக் கழற்றி அப்பாவின் காதில் வைத்திருக்கிறார். அது எனக்குப் பின்னால்தான் தெரிந்தது. எனக்குத் தெரிந்ததெல்லாம், முள் வலது கோடிக்குப் பாய்ந்து முட்டியதும், செத்துக் கீழே விழுந்ததும்தான். யாரோ ஊசியை வெடுக்கென்று பிடுங்கிவிட்டார்கள்.

பாய் வெளியே வந்து பழையபடி நாற்காலியில் உட்கார்ந்தார். நான் டேப்பை நிறுத்தினேன். வாயில் வந்ததையெல்லாம் விழுங்கிக்கொண்டு, "எதுவரைக்கும் வந்துச்சும்மா?" என்று கேட்டேன்.

திரைக்கு உள்ளேயிருந்து மகள் சொன்னார். "ஊறுகா ஜாடிய வெயில்ல வைக்கச் சொன்னாங்க. கொழந்தைக்கு, எனக்குத்தான், அம்மை குத்தியாச்சான்னு கேட்டாங்க. அப்புறம் கோவமா, எனக்கு இங்க புடிக்கல, சாவறதுன்னாலும் நம்ம வூட்ல சாவறேன், வந்து கூட்டிக்கினு போங்கன்னாங்க. 'கித்னே பார்'னு சொன்னாங்க, எத்தினி வாட்டின்னு. அதோட மாட்டிக்கிச்சி. கித்னே பார், கித்னே பார்னு அதையே சொல்லிக்கினு இருந்தாங்க."

"நான் தட்டுனது கேக்கலையா?"

"கேட்டுது சார்." அழுகிறார் என்று அப்போதுதான் புரிந்தது. "எனக்கு அவுங்க கொரலே தெரியாது இல்ல. இன்னும் ஒரு வாட்டி கேக்கலாம், இன்னும் ஒரு வாட்டின்னு உட்டுட்டேன்."

கோபம் எனக்கு அடங்கவில்லை. பாவமாகவும் இருந்தது, அதனால் கோபம் இன்னும் அதிகமாயிற்று. தட்டைக் கொடுங்கள் என்றேன். இனி மறைப்பதற்கு அதில் என்ன இருக்கிறது? வெள்ளைத் துணியில் வைத்துத் திரைக்கு அடியில் தள்ளினார். ஊசி மாட்டிய இடத்துக்கு உள்பக்கம் பூச்சு பாளம் பாளமாகப் பெயர்ந்து, துணியில் கறுப்புச் செதில்களாகக் கிடந்தது. பேச்சின் பிற்பகுதி முழுவதும் அந்தச் செதில்களில்தான் இருந்தது. கீழே அலுமினியம் பளிச்சென்று தெரிந்தது.

பழக்கதோஷத்தில் லென்ஸை எடுத்துப் பார்த்தேன். சற்றுமுன் ஊசியைப் பிடுங்கிய கீறல், மாட்டிய இடத்திலிருந்து வெளி ஓரம்வரை புதிதாக மின்னியது. அதை ஒட்டி இன்னொரு கீறலும் இருந்தது. அதே இடத்தில் ஆரம்பித்து, அதே பக்கமாக ஓரம்வரை போயிருந்தது. அந்தக் கீறலின் பள்ளத்தில் அந்த வெள்ளைப் பூப்பு ஆழமாக இறங்கியிருந்தது.

"பாத்தீங்களா பாய்!" என்று ஆரம்பித்துவிட்டேன். காரணம் கண்டுபிடித்துவிட்ட வேகம். "இது இன்னிக்கு ஆனது மட்டும் இல்ல. பக்கத்துல பழசு ஒண்ணு இருக்குது. தட்டு ஓடிட்டிருக்கும்போது யாரோ ஏற்கெனவே இதே எடத்துல ஊசிய வெடுக்குனு புடுங்கியிருக்காங்க. அந்தப் பள்ளத்துலதான் ஊசி இன்னிக்கு மாட்டியிருக்குது. அன்னிக்கு அவங்க பேசாம இருந்திருந்தா இன்னிக்கு இது கடைசிவரைக்கும் ஓடியிருக்கும்!"

சொல்லி முடித்தபிறகுதான் நான் சொன்னது என்னவென்று என் காதில் விழுந்தது. அந்த வீட்டில் இந்தத் தட்டை அதற்கு முன் கேட்டிருக்கக்கூடியவர் ஒருவர்தான்.

பாய் என்னை மறுக்கவில்லை. விரல்களுக்கு நடுவில் எதுவுமில்லாமலே கட்டைவிரலைத் தேய்த்துக்கொண்டிருந்தார்.

திரைக்கு உள்ளேயிருந்து மகள் உருதுவில் கேட்டார். எனக்கும் புரிகிற அளவு எளிமையான கேள்விதான். அப்பா, அதற்குப் பிறகு அம்மா என்ன சொன்னார்கள்?

அவர்கள் இருவரும் தங்களுக்குள் தமிழில் பேசி நான் கேட்டதில்லை. எனக்குப் புரியக்கூடாது என்றால் அவர் உருதுவிலேயே, மெதுவாக, பதில் சொல்லியிருக்கலாம். அவர் என் முகத்தைப் பார்த்துத் தமிழில் சொன்னார்.

"எனக்கும் தெரியாதும்மா. அன்னிக்கும் நான் அதுக்கு மேல கேக்கல."